இரண்டு எஸ்தர்களும் ஒரு புதுப் பெயரும்

1707ஆம் ஆண்டின் குளிர்காலத்தில், டப்ளினில் வீட்டைக் காலி செய்துவிட்டு லண்டனுக்குக் குடிபோய்க்கொண்டிருந்தது ஒரு வசதியான குடும்பம். கணவனை இழந்த தாய், இரண்டு மகன்கள், இரண்டு மகள்கள். வழியில் டன்ஸ்டபிள் என்ற ஊரின் சத்திரத்தில் வண்டி நின்றது. அங்கே நாற்பது வயதுப் பாதிரியார் ஒருவரோடு பேசிக்கொண்டிருந்தபோது காபி கொட்டிவிட்டது. துடைத்துவிட்டு மறந்துபோக வேண்டிய சங்கதி. ஆனால் 1720இல் அந்தப் பாதிரியார் ஒரு கடிதத்தில், நம் கதையை எழுதுவதென்றால் காபி கொட்டியதிலிருந்துதான் ஆரம்பிக்க வேண்டும் என்று எழுதினார். கடிதம் போய்ச் சேர்ந்தது அந்தக் குடும்பத்தின் மூத்த மகளுக்கு.

பாதிரியார் ஜோனதன் ஸ்விஃப்ட். கலிவரை லில்லிபுட்டுக்கு அனுப்பி உலகப் புகழ் பெறப் போகிறவர்தான். அதற்கு இன்னும் ஏறக்குறைய இருபது ஆண்டுகள் இருந்தன. அப்போதைக்கு அவர் அயர்லாந்தில் லாரகர் என்ற சிற்றூர்த் தேவாலயத்தின் குரு. கூர்மையான பேனா, பெரிய பதவி ஒன்று வாய்க்காதா என்ற ஏக்கம், கல்யாணம் என்ற பேச்சை எடுத்தாலே நழுவுகிற சுபாவம். அந்தப் பெண்ணின் தகப்பனார் பார்த்தலோமியுவோ ஆம்ஸ்டர்டாமிலிருந்து வந்து டப்ளினில் கொழித்த டச்சு வியாபாரி. மூன்றாம் வில்லியம் மன்னரின் படைக்குத் தேவையான பொருட்களைச் சேர்த்துக் கொடுத்த அதிகாரி. 1697இல் டப்ளின் மேயர். அவர் காலத்தில் மன்னர் அந்த நகரத்துக்கு அளித்த தங்கச் சங்கிலியை டப்ளின் மேயர்கள் இன்றும் விழாக்களில் அணிகிறார்கள். எல்லாம் சரி, அவருடைய குடும்பப் பெயர்தான் ஊர்க்காரர்கள் வாயில் நுழையவில்லை. எழுதினால் வான் ஹோம்ரிக். சொல்லும்போது 'வனம்மரி' என்று எப்படியோ சமாளித்தார்கள். கல்லும் முள்ளுமான அந்தப் பெயரின் முதல் துண்டுக்குப் பெரிய எதிர்காலம் காத்திருந்தது.

மகளின் சொந்தப் பெயரில் சிக்கல் ஏதுமில்லை. எஸ்தர். பைபிளில் வரும் யூத ராணியின் பெயர், தமிழ்க் கிறிஸ்தவ வீடுகளிலும் சாதாரணமாகப் புழங்குவது. வீட்டில் ஹெஸ்ஸி என்று கூப்பிட்டார்கள். அப்போது அவளுக்கு இருபது வயதுகூட ஆகியிருக்கவில்லை. நிறையப் படிக்கிறவள், வாதம் செய்கிறவள், மனதில் பட்டதைச் சொல்லிவிடுகிறவள். பதினெட்டாம் நூற்றாண்டு லண்டனின் வரவேற்பறைகளில் அதிகம் கிடைக்காத சரக்கு இது. ஸ்விஃப்டுக்கு அவளைப் பிடித்துப்போனது. பிடித்ததில் தவறில்லை. ஆனால் அவர் வாழ்க்கையில் ஏற்கெனவே ஓர் எஸ்தர் இருந்தாள்.

அந்தக் கதை 1689இல் தொடங்கியது. இருபத்தொரு வயது ஸ்விஃப்ட், சர் வில்லியம் டெம்பிள் என்ற ஓய்வுபெற்ற ராஜதந்திரியிடம் செயலாளராக வேலைக்குச் சேர்ந்தார். அந்த மாளிகையில் எட்டு வயதுச் சிறுமி ஒருத்தி வளர்ந்துகொண்டிருந்தாள்: எஸ்தர் ஜான்சன். ஸ்விஃப்ட் அவளுக்கு எழுதப் படிக்கக் கற்றுக்கொடுத்தார். சிறுமி பெரியவளானாள். டெம்பிள் இறந்தபின், 1701இல், ரெபேக்கா டிங்லி என்ற தோழியோடு அவள் இங்கிலாந்தை விட்டு அயர்லாந்துக்கே வந்துவிட்டாள். ஸ்விஃப்ட் இருக்கும் ஊரில் அவளும் இருந்தாள்; ஆனால் ஒரே கூரையின்கீழ் இல்லை. மூன்றாவது ஆள் உடன் இல்லாமல் இருவரும் சந்தித்ததே கிடையாது என்று நண்பர்கள் சத்தியம் செய்தார்கள். ரகசியக் கல்யாணம் ஆகிவிட்டது என்று மற்றவர்கள் கிசுகிசுத்தார்கள். இப்படியொரு ஏற்பாட்டுக்கு நடுவில்தான் டன்ஸ்டபிளில் காபி கொட்டியது.

1710இல் அரசியல் காற்று திசை மாற, டோரி அமைச்சர்களின் பேனாவாக ஸ்விஃப்ட் லண்டனில் அமர்ந்தார். அமைச்சர்களோடு விருந்து, பத்திரிகையில் தாக்குதல், அரண்மனை வம்பு. ஒவ்வொரு நாளும் நடந்ததையெல்லாம் ஒன்றுவிடாமல் டப்ளினில் இருந்த எஸ்தர் ஜான்சனுக்குக் கடிதமாக எழுதினார். எங்கே சாப்பிட்டார், என்ன சாப்பிட்டார், மழை பெய்ததா என்பதுவரை. அந்தக் கடிதங்களில் விதவை வான் ஹோம்ரிக் வீட்டுச் சாப்பாடு திரும்பத் திரும்ப வரும். தன் நல்ல அங்கியையும் டோப்பாவையும் அந்த வீட்டில் வைத்திருப்பதையும் சொல்வார். அந்த வீட்டின் மூத்த மகளைப் பற்றி மட்டும் ஏறக்குறைய மூச்சே விடமாட்டார். தினமும் அவளுக்குப் புத்தகம் சொல்லிக் கொடுத்துக்கொண்டிருந்தவர், கடிதத்தில் வாயை இறுக்கிக் கொண்டார். இவ்வளவு கவனமாக மறைத்தவரை ஒருநாள் அந்த மாணவியே சிக்கலில் மாட்டிவிட்டாள். தனக்கு வந்திருப்பது காதல் என்று நேருக்கு நேர் சொல்லிவிட்டாள்.

ஸ்விஃப்ட் ஆடிப்போனார். ஆமென்றும் சொல்ல முடியவில்லை, இல்லையென்று சொல்லி அந்த வீட்டுக் கதவைச் சாத்திக்கொள்ளவும் மனமில்லை. இக்கட்டில் மாட்டிய எழுத்தாளர் வழக்கமாகச் செய்வதையே அவரும் செய்தார்: உட்கார்ந்து எழுதினார். ஏறக்குறைய 900 வரிகளில் ஒரு நெடும் கவிதை. 1712, 1713 வாக்கில் எழுதியது. கவிதையில் காதல் தேவதை வீனஸின் நீதிமன்றத்தில் ஒரு வழக்கு நடக்கிறது. உலகில் காதல் செத்துப்போனதற்கு ஆண்கள் காரணமா, பெண்கள் காரணமா? தீர்ப்புச் சொல்வதற்கு முன் ஒரு சோதனை செய்து பார்க்க வீனஸ் முடிவெடுக்கிறாள். அப்போது பிறந்த ஒரு பெண் குழந்தைக்கு அழகையெல்லாம் கொடுக்கிறாள். பிறகு, அது ஆண் குழந்தை என்று பொய் சொல்லி அறிவுத் தெய்வம் பல்லாஸை ஏமாற்றி, ஆண்களுக்கென்று ஒதுக்கியிருந்த அறிவையும் அதன் நெஞ்சில் விதைக்க வைக்கிறாள். குழந்தை தயார். பெயர்?

இங்கேதான் ஸ்விஃப்டுக்கு நெருக்கடி. எஸ்தர் என்று எழுத முடியாது. எழுதினால் எந்த எஸ்தர் என்ற கேள்வி வரும். வேறு பெண் பெயரைப் போட்டால் அது அவளாக இருக்காது. கடிதங்களில் அவளைச் செல்லமாக 'மிஸ் எஸ்ஸி' என்பதை ஒரே சொல்லாக ஒட்டி அழைப்பவர் அவர். அந்த எஸ்ஸியை எடுத்தார். டப்ளின் வாய்களைப் படுத்திய டச்சுப் பெயரிலிருந்து 'வான்' என்ற தலையை மட்டும் வெட்டினார். தலையை முன்னால் வைத்து, செல்லப் பெயரைப் பின்னால் ஒட்டி, வாலில் ஒரு நெடில் சேர்த்தார். எந்த மொழியிலும், எந்தப் புராணத்திலும், எந்தத் தேவாலயப் பதிவேட்டிலும் அதுவரை இல்லாத பெயர் ஒன்று காகிதத்தில் விழுந்தது: வனெஸ்ஸா.

இன்று அது ஏதோ கிரேக்கத் தேவதையின் பெயர்போலக் காதில் விழுகிறது. ஸ்விஃப்ட் விரும்பியதும் அதுதான். கவிதையில் அந்தப் பெயரைச் சூட்டுவது வீனஸ். அவள் பூமியில் என்ன பெயரில் திரிகிறாள் என்பது மட்டும் சொல்லப்படாது என்று அங்கேயே அடித்துச் சொல்லிவிடுகிறார் ஸ்விஃப்ட். தன்னையும் விட்டுவைக்கவில்லை. 1713இல் டப்ளினின் செயின்ட் பேட்ரிக் பேராலயத்துக்கு அவர் டீன் ஆனார். டீனுக்கு லத்தீனில் தெகானுஸ். அந்த எழுத்துகளைக் கலைத்துப் போட்டு 'கதேனுஸ்' என்று ஓர் ஆளை உண்டாக்கினார். கவிதையில் வனெஸ்ஸா காதலிப்பது நாற்பத்துநாலு வயது கதேனுஸைத்தான். அவர் வெட்கப்படுகிறார், கூச்சப்படுகிறார், நட்பு போதாதா என்று கேட்கிறார். கடைசியில் என்னதான் நடந்தது? அது உலகத்துக்குத் தெரியக் கூடாத ரகசியம் என்று சொல்லிக் கவிஞர் விலகிக்கொள்கிறார். வேடிக்கை என்னவென்றால், டப்ளின் எஸ்தருக்குக் கவிதைப் பெயர் கிடைத்தது அதற்குப் பிறகுதான். 1719 முதல் அவளுக்கு எழுதிய கவிதைகளில் அவள் ஸ்டெல்லா, அதாவது நட்சத்திரம். முதலில் வந்தவளுக்குப் பெயர் இரண்டாவதாக வந்தது. அவளுக்கு ஏற்கெனவே இருந்த ஒரு லத்தீன் சொல் போதுமானதாக இருந்தது. மற்றவளுக்குத்தான் புதிதாகச் செய்ய வேண்டியிருந்தது.

டீன் பதவி ஸ்விஃப்டுக்கு ஏமாற்றம். இங்கிலாந்தில் பெரிய பொறுப்பை எதிர்பார்த்தவருக்கு அயர்லாந்து, நாடு கடத்தியது மாதிரி. 1714 ஆகஸ்டில் ஆன் ராணி இறந்தார், டோரிகள் கவிழ்ந்தார்கள், ஸ்விஃப்ட் மூட்டை கட்டிக்கொண்டு டப்ளின் போனார். லண்டன் முடிந்தது, சிக்கலும் முடிந்தது என்று நினைத்திருப்பார். அதே ஆண்டு தாயை இழந்த எஸ்தர் வான் ஹோம்ரிக், தங்கையை அழைத்துக்கொண்டு அயர்லாந்துக்குப் புறப்பட்டு வந்தாள். டப்ளினுக்கு வெளியே, லிஃபி ஆற்றங்கரையில் செல்பிரிட்ஜ் என்ற ஊரில் அவர்களுக்கு அப்பா விட்டுச்சென்ற வீடு இருந்தது. இரண்டு எஸ்தர்களும் இப்போது ஒரே நாட்டில், சில மணி நேரக் குதிரைச் சவாரித் தொலைவில்.

அடுத்த எட்டு ஆண்டுகள் கடிதங்களில் ஓடின. அவள் கடிதங்கள் கொதித்தன, அவர் கடிதங்கள் வழுக்கின. தபால் பிறர் கையில் சிக்கினால் என்ன ஆவது என்று பயந்து ஒரு யோசனை சொன்னார் ஸ்விஃப்ட்: அன்பான வார்த்தை வர வேண்டிய இடத்தில் ஒரு கோடு இழு, அதிலேயே எல்லாம் அடக்கம். காதல் கடிதத்தில் இதைவிடக் கஞ்சத்தனம் இருக்க முடியுமா என்று தோன்றுகிறது. ஸ்விஃப்ட் வரும் ஒவ்வொரு முறையும் அவள் தோட்டத்தில் ஒரு லாரல் கன்று நட்டதாகச் செல்பிரிட்ஜில் வெகுகாலம் பேசிக்கொண்டார்கள். 1721இல் தங்கையும் இறந்துபோனாள். தனியாகிவிட்டவள் பொறுமையிழந்தாள்.

1723இல் நடந்ததைப் பின்னாள் வாழ்க்கை வரலாற்றாசிரியர்கள் நாடகமாகவே சொல்கிறார்கள். வனெஸ்ஸா நேரடியாக ஸ்டெல்லாவுக்கே கடிதம் போட்டாளாம்: உங்களுக்கும் டீனுக்கும் கல்யாணம் ஆகிவிட்டதா? ஸ்டெல்லா அந்தக் கடிதத்தை ஸ்விஃப்டிடம் கொடுத்தாளாம். அவர் குதிரையில் செல்பிரிட்ஜுக்குப் பாய்ந்து, உள்ளே நுழைந்து, ஒரு வார்த்தை பேசாமல் கடிதத்தை மேசைமேல் எறிந்துவிட்டுத் திரும்பிப் போனாராம். கதையில் எவ்வளவு உண்மை, எவ்வளவு மசாலா என்பது ஒருபக்கம் இருக்கட்டும். அடுத்து நடந்ததற்குப் பத்திரச் சாட்சியே உண்டு. மே 1ஆம் தேதி அவள் உயில் எழுதினாள். ஜூன் 2ஆம் தேதி இறந்தாள். வயது முப்பத்தைந்து. உயிலில் ஸ்விஃப்ட் பெயர் எங்குமே இல்லை.

சொத்தின் பெரும்பகுதி இரண்டு பேருக்குப் பிரிந்தது. ஒருவர் ராபர்ட் மார்ஷல் என்ற வழக்கறிஞர். இன்னொருவர் பெயரைக் கேட்டு டப்ளினே விழித்தது: தத்துவவாதி ஜார்ஜ் பெர்க்லி. எதையாவது ஒரு மனம் உணர்வதில்தான் அதன் இருப்பே அடங்கியிருக்கிறது என்று வாதிட்ட அதே பெர்க்லி. கலிஃபோர்னியாவின் பல்கலைக்கழக ஊருக்கு இவர் பெயர்தான். வனெஸ்ஸா தனக்கு முற்றிலும் அந்நியர் என்று அவரே வியந்து எழுதினார். அதிர்ஷ்டம் என்பது இப்படியும் கதவைத் தட்டும். பணத்தோடு அவருக்கும் மார்ஷலுக்கும் இன்னொன்றும் வந்து சேர்ந்தது: அவள் பத்திரப்படுத்தி வைத்திருந்த கடிதங்களும், அந்தக் கவிதையும். பத்து ஆண்டுகளுக்கு மேலாக ஸ்விஃப்ட் மூடி மறைத்த பெயர் இப்போது அவர் கையைவிட்டுப் போய்விட்டது.

கையெழுத்துப் பிரதிகள் சுற்றின. 1726இல் 'கதேனுஸும் வனெஸ்ஸாவும்' அச்சிலேயே வந்துவிட்டது. டப்ளின், லண்டன், எடின்பரோ என்று ஊர் ஊராக மறுபதிப்பு. அது எப்போதோ விளையாட்டாக எழுதியது என்று நண்பர் ஒருவருக்கு எழுதித் தட்டிக்கழித்தார் ஸ்விஃப்ட். ஊர் நம்பவில்லை. ஒரு விருந்தில், இருப்பது ஸ்டெல்லா என்று தெரியாமல் ஒருவர், டீனை இவ்வளவு அழகாக எழுத வைத்த அந்த வனெஸ்ஸா அபூர்வப் பெண்ணாக இருக்க வேண்டும் என்று சொல்லிவிட்டார். ஸ்டெல்லா புன்னகையோடு, டீன் துடைப்பக்கட்டையைப் பற்றிக்கூட அழகாக எழுதக்கூடியவர்தான் என்று பதில் சொன்னாளாம். துடைப்பக்கட்டைக்குப் பட்டுக்குஞ்சம் கட்டுவது பழமொழியில்தான் என்று நினைத்தால், ஸ்விஃப்ட் உண்மையிலேயே துடைப்பத்தைப் பற்றி ஒரு கேலிக் கட்டுரை எழுதியிருந்தார். அதே ஆண்டு அக்டோபரில் 'கலிவரின் பயணங்கள்' வெளிவந்து மற்றதையெல்லாம் மூழ்கடித்தது. லில்லிபுட்டும் யாஹூவும் உலகின் எல்லா மொழிகளிலும் ஏறின. வனெஸ்ஸா என்ற பெயரைத் தன் குழந்தைக்கு வைக்க யாருக்கும் தோன்றவில்லை. அவமானத்தோடு ஒட்டிக்கொண்ட பெயர். அதற்கு மறுவாழ்வு கிடைத்தது மனிதர்களிடம் இல்லை.

எண்பது ஆண்டுகள் கழித்து அதைக் கையிலெடுத்தவர் ஒரு பூச்சியியல் அறிஞர். டென்மார்க்கைச் சேர்ந்த யோஹான் கிறிஸ்டியான் ஃபேப்ரிஷியஸ், லின்னேயஸிடம் நேரடியாகப் பாடம் கேட்ட மாணவர். வாழ்நாளில் ஏறக்குறைய 10,000 பூச்சி இனங்களை விவரித்துப் பெயரிட்டவர். அத்தனை பெயருக்கு எங்கே போவது? புராணம், காவியம், கவிதை என்று கண்ணில் பட்டதிலிருந்தெல்லாம் எடுத்தார். லண்டனுக்கு அடிக்கடி போய் ஜோசஃப் பேங்ஸின் சேகரிப்பில் வேலை பார்த்தவர் என்பதால் ஆங்கில இலக்கியமும் அவருக்கு அந்நியமில்லை. 1807இல், இறப்பதற்கு முந்தைய ஆண்டு, சில வண்ணத்துப்பூச்சிகளைத் தனிப் பேரினமாகப் பிரித்து அதற்கு வனெஸ்ஸா என்று பெயர் வைத்தார். ஏன் என்று விளக்கவில்லை. ஆனால் ஒரு தடயம் விட்டுப் போயிருக்கிறார்.

அந்தப் பேரினத்தில் புகழ்பெற்ற ஒன்று, கறுப்புச் சிறகில் சிவப்புப் பட்டை ஓடும் ஐரோப்பிய வண்ணத்துப்பூச்சி. அதற்கு லின்னேயஸ் 1758இலேயே வைத்த பெயர் அட்டலாண்டா, கிரேக்கப் புராணத்தின் ஓட்டக்கார வேட்டைக்காரி. ஸ்விஃப்டின் கவிதையில் வனெஸ்ஸா முதன்முதலாகச் சபையில் தோன்றும் இடத்தில் அவள் எதற்கு ஒப்பிடப்படுகிறாள்? அட்டலாண்டாவின் நட்சத்திரத்துக்கு. வனெஸ்ஸா அட்டலாண்டா என்று இரண்டு பெயர்களும் பூச்சியியல் ஏட்டில் அடுத்தடுத்து உட்கார்ந்தது தற்செயல் என்று நம்ப எனக்குக் கஷ்டமாக இருக்கிறது. நாவலாசிரியரும் வண்ணத்துப்பூச்சி ஆராய்ச்சியாளருமான நபக்கோவ் இதைத் தவறவிடவில்லை. 1962இல் வந்த தன் 'பேல் ஃபயர்' நாவலில் அந்தப் பூச்சியையும் ஸ்விஃப்டின் வரிகளையும் முடிச்சுப் போட்டுவிட்டார்.

டப்ளினில் மறைக்க முயன்ற பெயர் அதற்குப்பின் உலகெங்கும் பறந்தது, உண்மையாகவே பறந்தது. இதே பேரினத்தின் வனெஸ்ஸா கார்டுயி ஆப்பிரிக்காவிலிருந்து ஐரோப்பாவின் வடகோடிவரை, ஒரு தலைமுறை விட்ட இடத்தில் அடுத்த தலைமுறை தொடர்ந்து, வலசை போய்த் திரும்புகிறது. கோடையில் அயர்லாந்துக்கும் வரும். நீலகிரியிலும் பழனி மலையிலும் திரியும் வனெஸ்ஸா இண்டிகா அட்டலாண்டாவுக்கு நெருங்கிய உறவு. தொட்டால் அரிக்கும் செந்தட்டி வகைச் செடிகளின் இலைதான் அதன் புழுக்களுக்குச் சாப்பாடு. ஊட்டியில் அதைப் பார்க்கும் யாரும் ஓர் ஆங்கிலிகன் பாதிரியாரின் தர்மசங்கடத்தை நினைக்கப் போவதில்லை. ஆனால் பூச்சியாகப் பறந்த பெயர் மறுபடி பெண்ணாவதற்கு இன்னொரு நூற்றாண்டு பிடித்தது.

பத்தொன்பதாம் நூற்றாண்டில் அங்கொன்றும் இங்கொன்றுமாகத்தான் வனெஸ்ஸாக்கள். 1879இல் லண்டனில் லெஸ்லி ஸ்டீஃபன் என்ற இலக்கிய விமர்சகர் தன் மகளுக்கு இந்தப் பெயரை வைத்தார். மூன்று ஆண்டு கழித்து ஸ்விஃப்டின் வாழ்க்கை வரலாற்றை அவரே எழுதினார். மகள் ஓவியர் வனெஸ்ஸா பெல் ஆனாள். அவளுக்குப் பின் பிறந்த தங்கை வர்ஜீனியா வுல்ஃப். 1933இல் ஹ்யூ வால்போல் 'வனெஸ்ஸா' என்றே ஒரு நாவல் எழுத, இரண்டு ஆண்டில் அது ஹாலிவுட் படமானது. பிறகு வந்தது 1937 ஜனவரி 30. லண்டன் ஓல்ட் விக் அரங்கில் ஹாம்லெட் நாடகம். ஹாம்லெட்டாக லாரன்ஸ் ஒலிவியே, லேயர்ட்டிஸாக மைக்கேல் ரெட்கிரேவ். திரை விழுந்ததும் ஒலிவியே முன்னால் வந்து, இன்றிரவு ஒரு பெரிய நடிகை பிறந்திருக்கிறாள், லேயர்ட்டிஸுக்கு மகள் என்று சபைக்கு அறிவித்தார். ஆருடம் பலித்தது. குழந்தைக்கு வனெஸ்ஸா ரெட்கிரேவ் என்று பெயர் வைத்தார்கள்.

1958 ஜனவரியில் நியூயார்க்கின் மெட்ரோபாலிடன் ஆப்பெரா அரங்கில் சாமுவேல் பார்பரின் 'வனெஸ்ஸா' மேடையேறி அந்த ஆண்டின் புலிட்சர் பரிசை வென்றது. அதில் ஸ்விஃப்ட் கிடையாது, டப்ளின் கிடையாது. காதலனுக்காக இருபது ஆண்டுகள் கண்ணாடிகளை மூடிவைத்துக் காத்திருக்கும் ஒரு பெண்ணின் கதை அது. 1980களில் அமெரிக்காவில் பெண் குழந்தைகளுக்கு மிக அதிகமாக வைக்கப்பட்ட பெயர்களின் வரிசையில் வனெஸ்ஸா சர்வசாதாரணமாக இருந்தது. ஸ்பெயினில் ஓர் எழுத்தைக் குறைத்து வைத்துக்கொண்டார்கள், பிரான்ஸில் குறைக்காமலே வைத்தார்கள். குழந்தைப் பெயர்ப் புத்தகங்கள் அதற்கு ஓர் அர்த்தம் போட்டாக வேண்டுமே? பூச்சியைப் பார்த்துப் பெயரைப் பிடித்தவர்கள், அதற்கு ஒரு கிரேக்க வேரும் கற்பித்துக்கொண்டார்கள். இப்போதும் பல புத்தகங்களில் வனெஸ்ஸாவுக்கு நேரே அச்சாகியிருப்பது இதுதான்: மொழி, கிரேக்கம், பொருள், வண்ணத்துப்பூச்சி.